பொண்ணு மேஜர் சார்

ராயப்பேட்டை மணிக்கூண்டுக்குப் பக்கத்துச் சந்தில் நான் தினமும் டீ குடிக்கிற கடையின் சுவரில், போன மாதம் மூன்று 'காணவில்லை' ஒட்டியிருந்தார்கள். ஒன்று, பழுப்பு நிற லாப்ரடார். பெயர் சொல்லிக் கூப்பிட்டால் வரும். கண்டுபிடித்துத் தருபவருக்குத் தக்க சன்மானம். இன்னொன்று, யாரோ ஆட்டோவில் விட்டுவிட்டு இறங்கிய அசல் பத்திரம். மூன்றாவது ஒரு பெண். வயது 26, மாநிறம், உயரம் ஐந்தடி இரண்டங்குலம், கடைசியாக மஞ்சள் சுடிதார் அணிந்திருந்தாள். சன்மானம் எதுவும் இல்லை. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் வருவாளா என்கிற விவரமும் இல்லை.

"ஐயோ பாவம், எப்போலேர்ந்து காணோம்?" என்று கேட்டேன்.

டீ மாஸ்டர் வாய்விட்டுச் சிரித்தார். "யாரு காணோம்னா? வேளச்சேரில வாடகைக்கு வீடு எடுத்து இருக்குது சார் அந்தப் பொண்ணு, கட்டிக்கிட்ட பையனோட. அவங்கப்பாவே போயி வாசல்ல நின்னு சத்தம் போட்டுட்டுத்தான் வந்தாரு. வந்த பொறவுதான் போஸ்டர் அடிச்சாரு."

போய், கதவைத் தட்டி, கண்ணால் பார்த்து, காது குளிரத் திட்டிவிட்டு, திரும்பி வந்து, பிரஸ்ஸுக்குப் பணம் கட்டி, 'காணவில்லை' என்று அச்சடித்திருக்கிறார். தமிழில் இந்த ஒரு சொல்லுக்குத்தான் இப்படி ஒரு பொருள். கண்ணுக்குத் தெரிகிறாள், கைக்கு எட்டவில்லை. ஆகவே காணவில்லை.

அந்தப் பெண் யாருக்கெல்லாம் காணக் கிடைக்கிறாள் என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன். அவள் வேலை செய்கிற கம்பெனி மாதா மாதம் சம்பளம் போடுகிறது. வருமான வரித்துறை அதில் தன் பங்கைப் பிடித்துக்கொள்கிறது. தேர்தல் வந்தால் அவள் விரலில் மை வைக்கிறார்கள். டீ மாஸ்டர் தந்த உபரித் தகவல்: அப்பா வாங்கிய ஃபிளாட்டின் கடன் பத்திரத்தில் கூட்டுக் கையெழுத்து அவளுடையது. பேங்க் மேனேஜர் முன்னால் உட்கார்ந்து 20 வருஷக் கடனுக்குக் கையெழுத்துப் போட்டபோது அவளுக்கு முழு விவரமும் இருந்தது. அப்பா பக்கத்தில் உட்கார்ந்து, பக்கத்துக்குப் பக்கம் எங்கே போட வேண்டும் என்று பெருமையோடு காட்டிக்கொடுத்தார். யாரோடு குடித்தனம் நடத்துவது என்கிற விஷயத்தில் மட்டும் அவள் திடீரென்று பச்சைக் குழந்தையாகிவிட்டாள்.

இதே வீட்டில் 26 வயதுப் பையன் சொல்லாமல் கொள்ளாமல் கிளம்பியிருந்தால் போஸ்டர் கிடையாது. "அவன் வெளியூர்ல வேலையா இருக்கான்" என்று ஒரு வரி, அத்தோடு சரி.

இந்தியப் பெரும்பான்மை வயதுச் சட்டம் வந்தது 1875-ல். 18 வயது முடிந்தால் ஆள் மேஜர். இந்தச் சட்டம் வந்தபோது பாரதி பிறக்கவில்லை, காந்திக்கு வயது ஐந்து. ஒன்றரை நூற்றாண்டாக ஒரே எண்தான், பெருக்கவோ வகுக்கவோ வேண்டியதில்லை. அந்த எண்ணை நம் வீடுகளும் ஸ்டேஷன்களும் இன்னும் படித்து முடித்தபாடில்லை.

ஸ்டேஷன் என்றதும் ஒரு ராத்திரி நினைவுக்கு வருகிறது. எது என்று சொல்லமாட்டேன். இந்த விஷயத்தில் எல்லா ஸ்டேஷனும் ஒரே ஸ்டேஷன்தான். நண்பரின் மகளுக்குத் துணையாகப் போயிருந்தேன். அவளுக்கு 23 வயது. பத்தாம் வகுப்புச் சான்றிதழ், ஆதார், பாஸ்போர்ட் மூன்றையும் பிளாஸ்டிக் கவரில் போட்டு மார்போடு அணைத்துப் பிடித்திருந்தாள், ஏதோ வேலைக்கான நேர்காணலுக்கு வந்தவள் மாதிரி. வக்கீல் எழுந்து, "பொண்ணு மேஜர் சார்" என்றார். இன்ஸ்பெக்டர், "அது இருக்கட்டும்ங்க, பெத்த வயிறு எரியுமா எரியாதா?" என்றார். எரிகிற வயிறு எந்தச் சட்டத்தில் எந்தப் பிரிவு என்று வக்கீலுக்குத் தெரியவில்லை. உட்கார்ந்துவிட்டார்.

அப்புறம் நடந்ததன் பெயர் பேச்சுவார்த்தை. ஒரு பெஞ்சில் பெண் வீட்டார் 14 பேர், எதிர் பெஞ்சில் பையனும் அவன் அம்மாவும். ஒரு சித்தப்பா ஒவ்வொரு பத்து நிமிஷத்துக்கும் எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார்; ஏட்டு உட்காரச் சொன்னதும் அவிழ்த்துவிட்டு உட்கார்ந்தார். பெண்ணின் அம்மா மயங்கி விழுந்தார். கோலி சோடா வந்தது. மயக்கம் தெளிந்து, பெண்ணின் முகத்தைப் பார்த்து, மறுபடி விழுந்தார். இரண்டாவது சோடா வந்தது. நான்காவது சோடாவில் அந்தப் பெண் உடைந்து அழுதாள். உடனே ஸ்டேஷன் ரைட்டர் ஒரு வெள்ளைத் தாளை நகர்த்தி, "எழுதும்மா" என்று ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். "நான்... யாருடைய... வற்புறுத்தலும்... இன்றி... என் சொந்த... விருப்பத்தின்... பேரில்... பெற்றோருடன்..." 'விருப்பத்தின்' என்ற சொல்லில் அவள் கை நின்றுவிட்டது. "வல்லின றகரம் இல்லம்மா, சின்ன ருதான்" என்று ரைட்டர் திருத்தினார். அவருக்கு அவள் எழுத்துப்பிழையில்தான் கவலை.

மறுநாள் பேப்பரில் நான்கு வரி. "மாயமான இளம்பெண் மீட்பு. பெற்றோரிடம் ஒப்படைப்பு." திருடுபோன பைக்கை மீட்பார்கள். வெள்ளத்தில் போன மாட்டை மீட்பார்கள். அடகு வைத்த செயினை மீட்பார்கள். மீட்டதை உரியவரிடம் ஒப்படைப்பார்கள். எழுதிய நிருபரைக் குறை சொல்ல மாட்டேன், உள்ளதை உள்ளபடிதான் எழுதியிருக்கிறார்.

ஸ்டேஷனில் தீராதது பாரிமுனை உயர் நீதிமன்றத்துக்குப் போகும். ஆட்கொணர்வு மனு, வக்கீல்கள் வாயில் எச்.சி.பி. ராஜாவின் சிறையில் காரணம் சொல்லாமல் அடைத்து வைத்திருக்கிறவனை வெளியே கொண்டுவர ஆங்கிலேயர்கள் வளர்த்தெடுத்த உரிமை இது. சென்னை உயர் நீதிமன்றத்தில் குண்டர் சட்டத்தில் உள்ளே போனவனை வெளியே கொண்டுவரவும் இதே மனு, வெளியே போன பெண்ணை உள்ளே கொண்டுவரவும் இதே மனு. ஹேபியஸ் கார்பஸ் என்றால் 'உடலைக் கொண்டு வா' என்று பொருள். கொண்டு வந்துவிடுகிறார்கள். அந்த உடலுக்கு ஒரு வாய் இருக்கிறது என்பதை நம் நாட்டு நீதிமன்றங்கள் எப்போதும் உடனே கவனித்துவிடுவதில்லை.

வைக்கத்துப் பெண் ஹாதியாவை மறந்திருக்க மாட்டீர்கள். நம் சேலத்தில் ஹோமியோபதி படித்தவர். மதம் மாறினார். அப்பா ஆட்கொணர்வு மனு போட்டார். அந்த வழக்கு நடக்கும்போதே மகள் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டார். 2017 மே 24 அன்று கேரள உயர் நீதிமன்றம் அந்தக் கல்யாணத்தையே செல்லாது என்று அறிவித்து, பெண்ணை அப்பா வீட்டுக்கு அனுப்பியது. 24 வயதுப் பெண் பலவீனமானவள், யாரும் எளிதில் ஏமாற்றிவிடக் கூடியவள், கல்யாணம் போன்ற பெரிய முடிவைப் பெற்றோரின் பங்கில்லாமல் எடுக்க முடியாது என்பது தீர்ப்பின் சாரம். நோயாளிக்கு மருந்து எழுதித் தரப் படிக்கிறவள், தனக்கு மாப்பிள்ளை பார்த்தால் மட்டும் தப்பாகிவிடும்! அதன்பின் ஆறு மாதம் வீட்டுக்குள். வாசலில் போலீஸ். ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தேசியப் புலனாய்வு முகமையை விசாரிக்கச் சொன்னது. ஒரு கல்யாணத்தை விசாரிக்க, பயங்கரவாத வழக்குகளுக்கென்றே தொடங்கிய அமைப்பு.

நவம்பர் 27-ல் ஹாதியாவை டெல்லிக்கு அழைத்து வந்தார்கள். நாட்டின் மிகப்பெரிய நீதிமன்றத்தில், ஆகப் பெரிய வக்கீல்கள், ஒரு மணி நேரத்துக்கும் மேல் வாதாடினார்கள். எதைப் பற்றி? இந்தப் பெண்ணிடம் பேசலாமா கூடாதா என்பதைப் பற்றி. அவர் அங்கேயேதான் இருந்தார். கல்யாண வீட்டில் பந்திக்கு வந்தவனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே "இவனுக்குச் சாப்பாடு போடலாமா" என்று கேட்கிற மாதிரி. கடைசியில் கேட்டார்கள். சுதந்திரம் வேண்டும் என்றார். அதற்குமேல் என்ன விசாரணை வேண்டியிருந்தது என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை. படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பிவைத்தார்கள். கல்யாணம் செல்லும் என்று சொல்ல 2018 மார்ச் 8 வரை ஆனது. தேதியைக் கவனியுங்கள், மகளிர் தினம். கோலப்போட்டிக்குப் பரிசு கொடுக்கிற நாளில் இதையும் கொடுத்தார்கள்.

நியாயத்தைச் சொல்லிவிடுகிறேன், எல்லா நீதிபதியும் ஒரே அச்சில் வார்த்தவர்கள் இல்லை. மதுரையிலிருந்து இரண்டு பெண்கள், ஒருவரையொருவர் விரும்பி, சென்னைக்கு ஓடி வந்தார்கள். ஊரில் இரண்டு வீடும் தனித்தனியாகக் 'காணவில்லை' புகார் கொடுத்திருந்தன. 2021-ல் வழக்கு நீதிபதி ஆனந்த் வெங்கடேஷிடம் போனது. வழக்கமாக இந்த இடத்தில் பெண்களைத்தான் கவுன்சலிங்குக்கு அனுப்புவார்கள். இவர், இந்த விஷயம் தனக்கே சரியாகப் புரியவில்லை என்று வெளிப்படையாகச் சொல்லி, தான் ஒரு உளவியல் நிபுணரிடம் போய் உட்கார்ந்து பாடம் கேட்டார். நீதிபதி கவுன்சலிங்குக்குப் போன கதையை நான் அதற்கு முன்னால் கேள்விப்பட்டதில்லை. போய்விட்டு வந்து, ஒருவருடைய பாலின விருப்பத்தை 'மாற்றித் தருகிறேன்' என்று வைத்தியம் செய்வதையே தடை செய்து உத்தரவிட்டார்.

உத்தரவு இருந்தது. ஆனால் வேலூர் மாவட்டத்து வீடு ஒன்றுக்கு அது போய்ச் சேரவில்லை. 25 வயதுப் பெண்ணைப் பிடித்துக்கொண்டு போய் அடித்து, 'சரியாக்க' சடங்குகள் செய்தார்கள். அவளுடைய தோழி குடியாத்தம், புதுச்சேரி, பெங்களூரு என்று போலீசிடம் அலைந்தும் ஒன்றும் நடக்கவில்லை. இருந்த இடத்திலிருந்து கூட்டிக்கொண்டு வந்து பெற்றோரிடம் விட்டதே போலீஸ்தான், மறுபடி ஒப்படைப்பு. ஆட்கொணர்வு மனு போட்ட தோழி, தன்னை 'நெருங்கிய தோழி' என்று மட்டுமே அதில் எழுதியிருந்தாள். உண்மையை எழுதினால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியும். 2025 மே 22. நீதிபதிகள் ஜி.ஆர். சுவாமிநாதனும் வி. லட்சுமிநாராயணனும் அந்தப் பெண்ணிடமே கேட்டார்கள். தோழியோடு போக வேண்டும் என்றாள். போகலாம் என்றார்கள். கல்யாணம் ஒன்றுதான் குடும்பம் ஆவதற்கு வழி என்றில்லை, தானே தேர்ந்துகொண்ட குடும்பமும் குடும்பம்தான் என்று எழுதினார்கள். போலீஸை நன்றாகக் கண்டித்தார்கள்.

எனக்குச் சந்தோஷம்தான். ஆனால் தலைப்புச் செய்திகளைப் பார்த்தபோது சோடா தேவைப்பட்டது. "தோழியுடன் செல்ல நீதிமன்றம் அனுமதி." அனுமதியா? என் சட்டைப் பையில் இருக்கிற என் காசை நான் எடுக்க எவர் அனுமதி? பிடுங்கி வைத்திருந்தவனிடமிருந்து வாங்கித் தந்தார்கள் என்று எழுதுவதற்கென்ன, மை தீர்ந்துவிட்டதா?

இப்போது கசக்கிற ஒரு விஷயத்துக்கு வருகிறேன். கோவையில் ஈஷா மையத்தில் துறவியாக இருக்கிற இரண்டு பெண்களின் அப்பா, ஓய்வுபெற்ற பேராசிரியர், ஆட்கொணர்வு மனு போட்டார். மகள்களுக்கு வயது 42, 39. 2024 செப்டம்பர் 30 அன்று சென்னை உயர் நீதிமன்றம் காவல்துறையை விசாரித்து அறிக்கை தரச் சொன்னது. மறுநாளே 150 போலீஸார் ஆசிரமத்துக்குள் போனார்கள். விஷயம் டெல்லிக்குப் போயிற்று. பெண்கள் இருவரும் விருப்பத்தோடுதான் இருக்கிறார்கள் என்று பதிவு செய்துகொண்டு, அக்டோபர் 18-ல் உச்ச நீதிமன்றம் மனுவை முடித்துவைத்தது. வளர்ந்த பிள்ளைகளின் வாழ்க்கையை மனுப் போட்டுக் கட்டுப்படுத்த முடியாது என்பதுதான் அப்பாவுக்குக் கிடைத்த பதில்.

எனக்கு அந்த மலையடிவாரத்து ஆன்மிகத்தின் மேல் எந்தப் பிடிப்பும் கிடையாது. அந்த அமைப்பின் மேல் வேறு புகார் இருந்தால் வேறு வழக்காக, தாராளமாக விசாரிக்கட்டும். ஆனால் என்னுடைய முற்போக்கு நண்பர்கள் சிலர், ஹாதியாவுக்காக மெரினா பக்கம் மெழுகுவத்தி பிடித்தவர்கள், "இது வேற சார், மூளைச்சலவை" என்று என்னோடு சண்டைக்கு வந்தார்கள். ஹாதியாவைப் பற்றி எதிர்த் தரப்பு சொன்னதும் அதே மூளைச்சலவைதான், ஐயா. நமக்குப் பிடித்த இடத்துக்குப் போனால் சுயமுடிவு, பிடிக்காத இடத்துக்குப் போனால் சலவை. 42 வயதில் ஒருத்தி மொட்டை போட்டுக்கொள்வதும் போடாததும் அவள் தலை. பாழாய்ப்போன முடிவை எடுக்கிற உரிமையும் சேர்ந்ததுதான் மேஜர்.

அடையாறு பிரம்மஞான சபை வரலாற்றில் இதற்கு ஒரு பழைய பாடம் இருக்கிறது. ஜே. கிருஷ்ணமூர்த்தி, தம்பி நித்யா என்ற இரண்டு பையன்களை 1910-ல் அன்னி பெசன்டிடம் எழுதிக் கொடுத்துவிட்ட அப்பா நாராயணய்யா, 1912-ல் திருப்பிக் கேட்டு வழக்குப் போட்டார். அப்பாவுக்கு சி.பி. ராமசாமி அய்யர் வக்கீல். பெசன்ட் அம்மையார் தனக்குத் தானே வாதாடினார். சென்னை உயர் நீதிமன்றம் பையன்களை அப்பாவிடம் கொடு என்றது. 1914-ல் லண்டன் பிரிவி கவுன்சில் அதை ரத்து செய்தது. பையன்கள் இங்கிலாந்தில் இருக்கிறார்கள், அவர்கள் விருப்பம் என்ன என்று யாரும் கேட்கவே இல்லையே என்பது அதன் காரணங்களில் ஒன்று. உலக குரு ஆகப்போகிறவன் என்று ஒரு தரப்பு, என் ரத்தம் என்று ஒரு தரப்பு. 19 வயதைத் தொட்டுக்கொண்டிருந்த அந்தப் பையனிடம் "உனக்கு என்னப்பா வேணும்?" என்று கேட்க வேண்டும் என்பது கடல் கடந்து உட்கார்ந்திருந்த வெள்ளைக்காரத் துரைகளுக்குத் தோன்றியிருக்கிறது.

வெளிநாட்டுக்காரனும் யோக்கியனில்லை. பாடகி பிரிட்னி ஸ்பியர்ஸை லாஸ் ஏஞ்சலிஸ் நீதிமன்றம் 2008 முதல் 2021 வரை, 13 வருஷம், அப்பாவின் பொறுப்பில் வைத்திருந்தது. அந்த வருஷங்களில் அவர் மேடை மேடையாக ஆடிச் சம்பாதித்தார். செலவு செய்யத்தான் புத்தி போதாதாம்.

சம்பாதிக்கிற பெண் என்றதும் எங்கள் சந்துக் கோடி வீட்டுப் பாட்டி நினைவுக்கு வருகிறார். வயது 78. டெலிபோன் டிபார்ட்மென்டில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், இன்றும் தினத்தந்தியை முதல் பக்கத்திலிருந்து கடைசி வரி வரை படிப்பார். வீடு அவர் பேரில். இரண்டு மகன்கள், ஒரு மகள். பெரியவர் கூட்டிப்போனால் சின்னவர் "அம்மாவை அடைச்சு வச்சிருக்கான்" என்பார். சின்னவர் கூட்டிப்போனால் பெரியவர் அதையே சொல்வார். வக்கீல் நோட்டீஸ் பறக்கும். ஒரு தடவை ஆட்டோவிலிருந்து இறங்கும்போது பாட்டியின் இடது கைப் பெருவிரலில் ஊதா மை. கையெழுத்து முத்து முத்தாகப் போடுகிறவருக்கு எதற்குக் கைநாட்டு? "என்னமோ பேப்பர்ல வச்சாங்கப்பா" என்று புடவைத் தலைப்பில் துடைத்துக்கொண்டார். போகவில்லை. அவரிடம் யாராவது எங்கே இருக்க விருப்பம் என்று கேட்டார்களா என்று விசாரித்தேன். "எங்க வீட்லதான். தனியா. அதைத்தான் ஒருத்தனும் கேக்கமாட்டேங்கறானே" என்றார்.

26 வயதில் விவரம் போதாது. 78 வயதில் விவரம் போய்விட்டது. நடுவில் விவரமாக இருந்த காலத்தில் புருஷன் இருந்தார்.

இதெல்லாம் சிரித்துவிட்டுப் போகிற விஷயமாக மட்டும் இருந்தால் நான் சிரித்துவிட்டுப் போயிருப்பேன். 2012-ல் தருமபுரியில் ஒரு பெண் வேறு சாதிப் பையன் இளவரசனைக் கட்டிக்கொண்டாள். அவளுடைய அப்பா உயிரை விட்டார். நவம்பர் 7 அன்று நத்தம் காலனி உட்பட மூன்று தலித் குடியிருப்புகளில் 200-க்கும் மேற்பட்ட வீடுகளைக் கொளுத்தினார்கள். அம்மா ஆட்கொணர்வு மனு போட்டார். கணவனோடு இருக்கிறேன் என்று உயர் நீதிமன்றத்தில் சொன்ன பெண், சில மாதங்களில் அம்மாவோடு போகிறேன் என்றாள். கடைசியில், 2013 ஜூலை 3 அன்று, இளவரசனிடம் இனித் திரும்பமாட்டேன் என்றாள். மறுநாள் அவன் ரயில் தண்டவாளத்தின் ஓரம் பிணமாகக் கிடந்தான். நீதிமன்றம் ஒவ்வொரு முறையும் அவள் சொன்னதைக் கேட்டுப் பதிவு செய்தது, அதில் குறையில்லை. அவள் வாயைத் திறக்கும்போது அவள் தோளுக்குப் பின்னால் யார் யார் நின்றார்கள், எத்தனை சாம்பல் குவியல் இருந்தது என்பது பதிவேட்டில் ஏறவில்லை.

பின்னால் நிற்கிற கூட்டத்தை உச்ச நீதிமன்றம் ஒருவழியாகக் கவனித்தது 2024 மார்ச்சில்தான். கேரளத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் வழிமுறை எழுதிக் கொடுத்தது. அந்த நபரைத் தனியாக, குடும்பத்தின் நிழல் படாமல் சந்தியுங்கள். முதலில் அவரைப் பதற்றமில்லாமல் உட்கார வையுங்கள். விருப்பத்தை மாற்றுவதற்காகக் கவுன்சலிங் அனுப்பாதீர்கள். ஒரு மனிதரிடம் ஒரு கேள்வியை எப்படிக் கேட்பது என்று நீதிபதிகளுக்கு நீதிபதிகள் பாடம் எடுக்க வேண்டியிருந்தது. எடுத்தார்கள், நன்றி. அந்தப் பாடத்தை யாராவது ஸ்டேஷன் ரைட்டருக்கும் மொழிபெயர்த்துக் கொடுத்தால் கோலி சோடா செலவு மிச்சமாகும்.

நேற்று டீ குடிக்கப் போனேன். லாப்ரடார் கிடைத்துவிட்டதாம், அதன் போஸ்டரை மட்டும் கிழித்திருந்தார்கள். மஞ்சள் சுடிதார் அப்படியே இருந்தாள். கீழே அப்பாவின் செல் நம்பர்.

அந்த அப்பா இதைப் படிப்பாரென்றால் அவருக்கு ஒரு வார்த்தை. உயர் நீதிமன்றத்தில் மனுப் போட வக்கீல் பார்த்துவிட்டீர்கள் என்று டீ மாஸ்டர் சொன்னார். ஃபீஸ் கட்டுவதற்கு முன்னால், உங்கள் போனில் மகளின் நம்பர் இருக்கிறதல்லவா, அதை ஒரு தடவை அழுத்துங்கள். எடுத்தால், சாப்பிட்டியா என்று மட்டும் கேளுங்கள். எப்போ வர்றே என்று கேட்காதீர்கள்.